‘பெண்தானே’ என்று தொடங்கிய வரலாறு

1992இல் டென்மார்க்கில் ஒரு தன்வரலாற்று நூல் வெளிவந்தது. தலைப்பைத் தமிழில் சொன்னால் ‘பெண்தானே’ என்று வரும். எழுதியவர் லீசெ நோர்கோர். பிரசவ அறை வாசலில் எத்தனையோ முறை கேட்ட சொல் என்பதால், அந்தத் தலைப்பு எனக்கு அயல்மொழியாகவே தோன்றவில்லை.

அவர் பிறந்தது 1917இல், ரொஸ்கில்டே நகரில். டேனிஷ் பெண்களுக்கு நாடாளுமன்ற வாக்குரிமை கிடைத்தது அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பு, 1915இல். சட்டம் மாறிவிட்டது, வீட்டின் பேச்சு மாறவில்லை. 1935இல் உள்ளூர் நாளிதழ் ஒன்றில் பயிற்சிச் செய்தியாளராகச் சேர்ந்தார். 1949இல் தலைநகரின் ‘பொலிடிகன்’ நாளிதழுக்குப் போனார். பல பத்தாண்டுகள் பத்திரிகை வேலைதான் அவருக்குச் சோறு போட்டது. அந்த வேலையில் மனிதர்கள் பேசுவதையும், பேசாமல் விழுங்குவதையும் கேட்டுப் பழகினார்.

1970களில் கோபன்ஹேகனின் பழைய குடியிருப்பு ஒன்றைப் பற்றிய நகைச்சுவைத் தொலைக்காட்சித் தொடருக்குச் சில பகுதிகள் எழுதினார். பிறகு வந்தது ‘மாத்தடோர்’. எரிக் பாலிங் இயக்கிய அந்தத் தொடர் 1978 முதல் 1982 வரை 24 பகுதிகளாக ஒளிபரப்பானது. வேறு சிலரும் சில பகுதிகளை எழுதினார்கள். ஆனால் கதையும் உலகமும் லீசெயுடையவை. தொடர் தொடங்கியபோது அவருக்கு வயது 61.

‘மாத்தடோர்’ என்பது வீடும் தெருவும் வாங்கிக் குவிக்கும் பலகை விளையாட்டுக்கு டென்மார்க்கில் வழங்கும் பெயர். பெரும் பணக்காரனையும் அந்தச் சொல் குறிக்கும். 1929இல் கோர்ஸ்பெக் என்ற கற்பனைச் சிற்றூருக்கு மாஸ் ஸ்கியேர்ன் என்ற வியாபாரி வருகிறான். ஊர்ப் பெரியவர்கள் அவனை மதிக்கவில்லை. அவன் கடை வைக்கிறான், பிறகு வங்கியே தொடங்குகிறான். பொருளாதார நெருக்கடி, ஜெர்மானிய ஆக்கிரமிப்பு, விடுதலை என்று கதை 1947 வரை நீள்கிறது. இந்த அளவில் பார்த்தால் அது ஆண்களின் ஆட்டம்தான்.

ஆனால் லீசெ கதையைக் கடையோடும் வங்கியோடும் நிறுத்தவில்லை, அடுக்களைக்கும் கொண்டுபோனார். வங்கியாளர் வீட்டுச் சமையற்காரி லௌராவின் மேசையருகே நின்றால் ஊரின் வர்க்கக் கணக்கு முழுவதும் தெரிந்துவிடும். அதே வீட்டுப் பணிப்பெண் ஆக்னஸ், பொதுவுடைமைவாதியான ரயில்வே தொழிலாளி ஒருவரை மணக்கிறாள். கணவனால் கைவிடப்பட்டு, மகளை வளர்த்துக்கொண்டு துணிக்கடையில் வேலை பார்க்கும் இங்கெபோர்தான் பின்னாளில் மாஸின் மனைவியாகிறாள். வங்கியாளரின் மனைவி மோட், வீட்டில் சிக்கல் எழும்போதெல்லாம் தலைவலி என்று படுக்கையில் போய் விழுகிறாள். பார்ப்பவர்கள் சிரிக்கிறார்கள். எனக்குச் சிரிப்போடு வேறொன்றும் தோன்றுகிறது: சொந்தப் பணமோ வேலையோ இல்லாத ஒருத்திக்கு ‘மாட்டேன்’ என்று சொல்ல, அறைக்கதவைச் சாத்துவதைத் தவிர வேறு என்ன வழி இருந்தது?

இந்தப் பெண்கள் எல்லோரும் வெல்வதில்லை. லீசெ யாரையும் தியாகச் சிலையாக்கவும் இல்லை. அற்பத்தனம், பொறாமை, தந்திரம் எல்லாவற்றோடும் அவர்களை நடமாட விட்டார். அதனால்தான் டேனிஷ் மக்கள் தங்கள் போர்க்கால வரலாற்றை நினைக்கும்போது ஒரு சமையலறையும் நினைவுக்கு வருகிறது.

இங்கே என்னைப் பற்றி ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். என் முனைவர் பட்ட ஆய்வில் கவிதைக்கும் நாவலுக்கும் இயல்கள் ஒதுக்கினேன். தொலைக்காட்சிக்கு எழுதிய பெண்களை ஒரே அடிக்குறிப்பில் முடித்தேன். ‘அதெல்லாம் வீட்டுக்கதை’ என்று நானே நினைத்திருந்தேன். ‘பெண்தானே’ என்பதன் இன்னொரு வடிவம் அது என்று அன்று எனக்கு உறைக்கவில்லை.

லீசெ 2023 ஜனவரி 1 அன்று, 105ஆம் வயதில் காலமானார். நாற்பதைத் தாண்டிவிட்டது, இனி என்ன எழுதுவது என்று சலித்துக்கொள்ளும் தோழிகளிடம் நான் இப்போது 61 என்ற எண்ணைச் சொல்கிறேன். மாணவிகளிடம் சொல்வது வேறு: உங்கள் வீட்டு அடுக்களையில் யார் எப்போது பேச்சை நிறுத்துகிறார்கள் என்று கவனியுங்கள். எழுதப்படாத வரலாறு அங்கேயும் இருக்கிறது.