ஒத்தை சாட்சியும் ஊரே சாட்சியும்

பட்டுக்கோட்டையிலிருந்து கிழக்கே அதிராம்பட்டினம் தாண்டிப் போனா முத்துப்பேட்டை. இன்னிக்கு திருவாரூர் மாவட்டம். அப்போ எல்லாமே ஒரே தஞ்சாவூர் ஜில்லா. அந்த ஊர்ல 1955-ல ராத்திரி நேரத்துல நடந்த ஒரு கொலை இன்னிக்கும் இந்தியா முழுக்க கோர்ட்டுகள்ல பேசப்படுதுன்னா நம்புவீங்களா? நம்ம ஊர்க்காரங்க நிறைய பேருக்கே தெரியாது. வக்கீல்களுக்கு மட்டும் 'வடிவேலு தேவர் எதிர் சென்னை மாகாணம்'னு அத்துப்படி.

செத்தவர் டீக்கடை வச்சிருந்தவர். நம்பகமா பார்த்த சாட்சின்னு நின்னது ஒரே ஒருத்தர், அவரோட மனைவி. அந்த அம்மா சொன்னதை நம்பி செஷன்ஸ் கோர்ட்டு தூக்கு போட்டுச்சு, மெட்ராஸ் ஐகோர்ட்டு உறுதி செஞ்சுது. சுப்ரீம் கோர்ட்டுக்கு அப்பீல் போனப்போ எதிரி தரப்போட வாதம் சுலபமா புரியக் கூடியதுதான்: ஒரு உயிரை எடுக்கிற தண்டனை, அதை ஒத்தை ஆள் பேச்சை வச்சு, அதுவும் செத்தவரோட பெண்டாட்டி பேச்சை வச்சுக் கொடுக்கலாமா?

1957 ஏப்ரல்ல தீர்ப்பு வந்துச்சு. எழுதினவர் நீதிபதி சின்ஹா. கொடுக்கலாம்னுட்டார். 1872-ம் வருஷத்து சாட்சியச் சட்டம் 134-வது பிரிவுல, எதை நிரூபிக்கவும் இத்தனை சாட்சி வேணும்னு கணக்கு கிடையாது. (2024-ல வந்த புதுச் சட்டத்துலயும் அந்த ஏற்பாடு அப்படியே இருக்கு.) ரெண்டு பேர் பார்த்தாத்தான் குற்றம்னு வச்சா, ஒரே ஆள் கண்ணு முன்னாடி நடக்கிற கொலை எல்லாம் தண்டனை இல்லாமப் போயிடும். தண்டனை பெருசா சின்னதாங்கிறது வேற கேள்வி, சாட்சி போதுமாங்கிறது வேற கேள்வி. சாட்சியை எடை போடணும், எண்ணக் கூடாது.

எப்படி எடை போடறது? மூணு வகையா பிரிச்சார். முழுசா நம்பக்கூடிய சாட்சி, முழுசா நம்பமுடியாத சாட்சி: இந்த ரெண்டுலயும் சிக்கல் இல்லை. ரெண்டுங்கெட்டானா நடுவுல நிக்கிற சாட்சிக்குத்தான் வேற ஆதாரத்தோட துணை தேடணும். முத்துப்பேட்டை அம்மாவை முதல் வகையில சேர்த்தாங்க. அப்பீல் தள்ளுபடி.

இதுல ஒண்ணைக் கவனிக்கணும். அந்த அம்மா முகத்தைப் பார்த்து, குறுக்கு விசாரணையில தடுமாறினாங்களா இல்லையான்னு பார்த்தவர் செஷன்ஸ் ஜட்ஜ் மட்டும்தான். மேல இருக்கறவங்க கையில டைப் அடிச்ச காகிதம்தான். அதனாலதான், விடுதலையை எதிர்த்து வர்ற அப்பீல்ல, சாட்சியை நேர்ல பார்த்த ஜட்ஜோட அபிப்பிராயத்துக்கு மதிப்பு கொடுக்கணும்னு லண்டன் பிரிவி கவுன்சில் 1934-லயே சொல்லி வச்சுது. தண்டனையை எதிர்த்து வர்ற அப்பீல்ல ஐகோர்ட்டுக்குக் கை இன்னும் தாராளம். எல்லா சாட்சியத்தையும் முதல்லேர்ந்து அலசலாம், சந்தேகம் வந்தா விடுவிக்கலாம். நிரபராதி தூக்குல தொங்கக் கூடாதுங்கிறதுக்கு இது அவசியம்தான், நான் மறுக்கலை.

இப்போ அதே ஜில்லாவுல கொஞ்சம் வடக்கே போவோம். 1968 டிசம்பர் 25, கீழ்வெண்மணி. கூலி உயர்வு கேட்ட தலித் விவசாயத் தொழிலாளர் குடும்பங்கள்ல 44 பேர் ஒரே குடிசைக்குள்ள எரிஞ்சு செத்தாங்க. பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். நெல் உற்பத்தியாளர் சங்கத் தலைவர் கோபாலகிருஷ்ண நாயுடு உட்பட 23 பேர் மேல வழக்கு. உசுர் தப்பினவங்க சாட்சி சொன்னாங்க. 1970-ல நாகப்பட்டினம் செஷன்ஸ் கோர்ட்டு எட்டு பேருக்குப் பத்து வருஷம் கொடுத்துச்சு, மத்தவங்களை விட்டுடுச்சு. அதாவது நேர்ல கேட்ட ஜட்ஜ் கண்ணை மூடிக்கிட்டு எல்லாரையும் உள்ளே தள்ளலை, சலிச்சுத்தான் எடுத்தார்.

1973-ல மெட்ராஸ் ஐகோர்ட்டு அந்த எட்டு பேரையும் விடுவிச்சுது. ராத்திரி, தீ, கலவரம், கூட்டம்னா அடையாளம் காட்டறதுல குழப்பம் வரும், உண்மைதான். கூட்டமா செய்யற கொலையில ரெண்டு மூணு சாட்சியாவது ஒரே மாதிரி சொல்றாங்களான்னு பார்க்கிறது நல்லதுன்னு 1964-ல மசால்டி வழக்குலயே சுப்ரீம் கோர்ட்டு சொல்லியிருக்கு. அதோட நின்னிருந்தா நான் இந்தப் பதிவே எழுதியிருக்க மாட்டேன். தீர்ப்புல இன்னொரு காரணமும் இருக்கு. எதிரிங்க எல்லாம் ஏகப்பட்ட நிலம் வச்சிருக்கிற மிராசுதாருங்க, நாயுடு கார் வச்சிருக்கார். இப்படிப்பட்டவங்க வேலையாட்களை அனுப்பாம தாங்களே நடந்து போய் குடிசைக்குத் தீ வச்சாங்கங்கிறதை நம்பறது கஷ்டமாம்!

தராசுல சாட்சியோட பேச்சைத்தானே வைக்கணும்? இங்கே எதிர்த் தட்டுல காரும் நிலமும் ஏறிடுச்சு. கார் வச்சிருக்கிறவன் நடக்க மாட்டான்ங்கிறது சாட்சியமா? அது ஜட்ஜுங்க மனசுல இருந்த ஊகம். சாட்சி கூண்டுல நின்னு அதை யாரும் சத்தியம் பண்ணிச் சொல்லி, குறுக்கு விசாரணையைத் தாண்டி வரலை. முத்துப்பேட்டையில ஒரு டீக்கடைக்காரர் மனைவியோட கண்ணு ஒரு ஆளைத் தூக்குக்கு அனுப்பப் போதுமா இருந்துச்சு. வெண்மணியில ஒரு சேரியே பார்த்தும் போதலை.

அதே நாள்ல மிராசுதார் தரப்பு ஆள் ஒருத்தர் கொலையானதுக்குத் தனி வழக்கு நடந்துச்சு. அதுல தொழிலாளர்களுக்குத் தண்டனை கிடைச்சுது, ஒருத்தருக்கு ஆயுள். அந்த வழக்குலயும் சாட்சிங்க இருந்தாங்க, அவங்களை நம்பினாங்க.

வெண்மணி விடுதலை கடைசி வரைக்கும் மாறலை. 1980 டிசம்பர்ல நாயுடு கொலை செய்யப்பட்டார். அது வேற வழக்கு, வேற சாட்சிங்க. இன்னொரு நாள் எழுதறேன்.