ரொபேர் நாந்தெயும் பிரெஞ்சு அரசவைச் செதுக்கோவியமும்

பதினான்காம் லூயியின் முகத்தைப் பாரிசுக்கு வெளியே பரப்பிய சாதனங்களுள், நாணயத்துக்கு அடுத்தபடியாக வைத்து எண்ணத்தக்கது செப்புத்தகட்டில் செதுக்கித் தாளில் அச்சிடப்பட்ட உருவப்படமாகும். அவ்வுருவப்படக் கலையைப் பிரான்சில் உச்சத்துக்குக் கொண்டுசென்றவர் ரொபேர் நாந்தெய். ரீம்ஸ் நகரில் 1623-ஆம் ஆண்டளவில் பிறந்து, அங்கேயே தத்துவம் பயின்ற இவர், தம் பட்டத் தேர்வுக்கான ஆய்வுரைத் தாளின் முகப்புப் படத்தை 1645-இல் தாமே செதுக்கினார். மறு ஆண்டு, தமக்குத் தொழில் கற்பித்த செதுக்கோவியர் நிக்கொலா ரெனேசோனின் சகோதரியை மணந்து, அதன்பின் விரைவிலேயே பாரிசுக்குக் குடிபெயர்ந்தார்.

செதுக்கோவியர் கையாளும் முதன்மைக் கருவி பூரின் எனப்படும் கூர்முனை எஃகுச் சிற்றுளி. அதன் பிடியை உள்ளங்கையில் அணைத்து முன்னோக்கித் தள்ளும்போது செம்பு சுருளாக எழுந்து வர, தகட்டில் பள்ளக்கோடு விழுகிறது; ஓரங்களில் நிற்கும் பிசிறைச் சுரண்டி நீக்கியபின், பள்ளங்களில் மையை நிரப்பி, மேற்பரப்பைத் துடைத்து, ஈரப்படுத்திய தாளோடு உருளை அச்சில் கொடுத்தால் படம் இடவலம் மாறித் தாளில் பதியும். ஆழமாக விழுந்துவிட்ட கோட்டைத் திருத்துவது மிகக் கடினமாதலால், கையின் அழுத்தமே இத்தொழிலில் எல்லாம்.

நாந்தெயின் சமகாலத்தவரான குளோத் மெல்லான், இயேசுவின் முகம் முழுவதையும் மூக்கு நுனியிலிருந்து சுழன்று விரியும் ஒற்றைக் கோட்டால் 1649-இல் செதுக்கிக் காட்டினார். அது வியக்கத்தக்க வித்தை என்பதில் ஐயமில்லை. எனினும் ஒரு மனிதரை நேரில் கண்ட உணர்வைத் தருவது நாந்தெயின் படமே. கன்னம், நெற்றி ஆகியவற்றின் மென்னிழலைக் குறுங்கோடுகளாலும் புள்ளிகளாலும் நிரப்பிய அவர், பட்டுக்கும் போர்க்கவசத்துக்கும் தடித்தும் மெலிந்தும் செல்லும் நீள்கோடுகளைக் கையாண்டார். நீள்வட்டச் சட்டகத்துக்குள் மார்பளவில் நிற்கும் இப்படங்களில் கைகள் காணப்படுவது அரிது. பார்ப்பவர் கண் முகத்தை விட்டு அகல அவர் இடம் தரவில்லை.

உருவத்தை நேரில் பார்த்து வரைய அவருக்கு இரண்டு மணிநேர அமர்வுகள் மூன்று போதுமானவையாக இருந்தன என்பதையும், முகத்தில் உயிர்ப்பு மங்காதிருக்க அவர் எதிரே அமர்ந்தவரோடு உரையாடிக்கொண்டே வரைந்தார் என்பதையும், அவரிடம் பயில புளோரன்சிலிருந்து வந்த தொமெனிக்கோ தெம்பெஸ்தி எழுதிவைத்த குறிப்புகள் தெரிவிக்கின்றன. அமைச்சர்கள் மசரேன், கோல்பேர், படைத்தலைவர் தூரேன் முதலியோருடையவை உள்ளிட்ட 200-க்கும் மேற்பட்ட உருவப்படங்கள் இவ்வாறு தகடேறின. 1658-இல் அரசரின் ஓவியரும் செதுக்கோவியருமாக அமர்த்தப்பட்ட நாந்தெய், லூயியின் முகத்தை மட்டும் பதினொரு முறை செதுக்கினார்.

செதுக்கோவியர்களை நகரக் கைவினைக் கழகமாக, அதாவது பயிற்சிக்காலமும் ஆசான் தகுதியும் கட்டணமும் விதித்துத் தொழிலைக் கட்டுப்படுத்தும் அமைப்பாக மாற்றும் முயற்சி எழுந்தபோது, திருமணத்துக்காக ஸ்பெயின் எல்லையருகே சென் ஜான் த லூஸ் ஊரில் தங்கியிருந்த அரசர், 1660 மே மாதம் வெளியிட்ட ஆணையால் அதனைத் தடுத்தார். இக்கலை அதை ஆக்குவோரின் கற்பனையைச் சார்ந்தது என்றும், ஆதலால் கழக விதிகளுக்கு உட்படாத சுதந்திரக் கலை என்றும் அவ்வாணை அறிவித்தது. இதன் பின்னணியில் நாந்தெயின் செல்வாக்கு இருந்ததென்பது நெடுங்காலமாக வழங்கிவரும் கருத்து. அரசருக்கும் இதில் ஆதாயம் இல்லாமற்போகவில்லை. தம் புகழைப் பரப்பும் கைகள் நகரக் கழகத்துக்குக் கட்டுப்படாமல் அரண்மனையை நோக்கியே இருப்பது அவருக்கு உகந்ததே.

நாந்தெய் 1678 டிசம்பரில் பாரிசில் காலமானார். சார்ல் பெரோ 1696-க்கும் 1700-க்கும் இடையே வெளியிட்ட, அந்நூற்றாண்டின் பெருமக்கள் வரலாற்று நூலில், தாம் செதுக்கிய கோல்பேர், தூரேன் ஆகியோரோடு அவரும் இடம்பெற்றார். அந்நூலின் படங்களுள் பலவற்றைச் செதுக்கியவர், ஆண்ட்வெர்ப்பிலிருந்து வந்து பாரிசில் பெயர்பெற்ற அடுத்த தலைமுறைக் கலைஞர் ஜெரார் எடெலிங்க்.