சமையல்காரி போலின்

ஓய்வு பெற்றபின் பழைய பிரெஞ்சு நகைச்சுவைப் படங்களைப் பார்க்கும் பழக்கம் என்னைத் தொற்றிக்கொண்டது. கதாநாயகிகள் மறுநாளே மறந்துபோவார்கள். ஆனால் ஒரு கிழவி மட்டும் படத்துக்குப் படம் வந்து நிற்பார். ஒன்றில் சமையல்காரி, இன்னொன்றில் வேலைக்காரி. "இதோ வந்துட்டா உங்க சமையல்காரி" என்பாள் என் மனைவி.

அவர் பெயர் போலின் கார்த்தோன் (1884–1974). நாடக மேடையிலிருந்து வந்தவர். நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்திருக்கிறார். பெரும்பாலும் சில நிமிட வேடங்கள்தான்.

அவருடைய அருமை தெரிந்தவர் சாஷா கித்ரி. எழுதி, இயக்கி, தானே நாயகனாகவும் நடிக்கிற ஆசாமி. 1936இல் வந்த 'ஒரு ஏமாற்றுக்காரனின் கதை'யில் உரையாடலே அபூர்வம், முழுக்க கித்ரியின் குரல்தான் கதை சொல்கிறது. விஷக்காளான் சாப்பிட்டு ஒரு குடும்பத்தில் 11 பேர் செத்துப்போக, தனியாக மிஞ்சும் பையனின் சொத்துக்குக் குறிவைக்கும் உறவுக்காரியாக வருகிறார் போலின். பேசவேண்டிய அவசியமே இல்லை. அந்த முகம் போதும்! மறுவருடம் வந்த 'தெசிரே'யில் கித்ரி வீட்டுப் பணியாள், ஆர்லெட்டி வேலைக்காரி, இவர் சமையல்காரி. எஜமானியம்மாளின் வரவேற்பறையைவிட அந்தச் சமையலறை மேஜையில்தான் எனக்குச் சுவாரசியம் அதிகம்.

1944இல் பாரிஸ் விடுதலையானதும், ஜெர்மானியருக்கு உடந்தை என்று கித்ரியைப் பிடித்து இரண்டு மாதம் சிறையில் போட்டார்கள். வழக்கு பின்னால் தள்ளுபடியானது, ஆனால் கறை போகவில்லை. அவர் செய்ததெல்லாம் சரி என்று நான் வாதாட வரவில்லை. போலின் மட்டும் அவர் படங்களுக்குத் திரும்பி வந்தார். 1951இன் 'லா புவாசோன்' தொடக்கத்தில், பெயர்களை எழுத்தில் ஓடவிடாமல், நடிகர்களையும் தொழிலாளர்களையும் கித்ரி நேரில் அறிமுகம் செய்கிறார். அந்த வரிசையில் சின்ன வேடக்காரரான போலினுக்கும் இடம் உண்டு.

எனக்கு வியப்பு தந்தது வேறொன்று. திரையில் ஊரார் வீட்டையெல்லாம் பராமரித்த இந்த அம்மாள், தனக்கென்று வீடு வைத்துக்கொள்ளவில்லை. பாரிஸில் ஒரு ஓட்டல் அறையிலேயே வருடக்கணக்காகக் குடியிருந்தார். ஜெனிவாக் கவிஞர் ழான் வியோலெத்துடன் நீண்ட கால உறவு, கல்யாணம் செய்துகொள்ளவில்லை. 'கார்த்தோன்' என்றால் அட்டை. 1938இல் எழுதிய புத்தகத்துக்கு 'அட்டை நாடகக் கொட்டகைகள்' என்று பொருள்படத் தலைப்பு வைத்தார். தன் பெயரைத் தானே கேலி செய்துகொள்ளும் குசும்பு.

இதையெல்லாம் படித்தபிறகு ஒரு சந்தேகம். 'தி லாங்கஸ்ட் டே' (1962) படத்தை மறுபடி போட்டேன். நார்மண்டியில் குண்டு விழ விழ, ஒரு கிழவர் ஜன்னலில் நின்று குதூகலிப்பாரே, அந்த வீட்டு வேலைக்காரி?

போலினேதான். இளவயதில் தியேட்டரில் இரண்டு முறை பார்த்த படம்.