கண்ணாடி வீடும் கொடிக்காலும்



பூந்தமல்லி, ஆவடி, அம்பத்தூர் பக்கம் இன்றைக்கு விவசாயம் என்றால் பெரும்பாலும் துண்டு துண்டு நிலம்தான். 1964-ல் அம்பத்தூர்த் தொழிற்பேட்டை வந்தது. அதற்குப் பிறகு ஏரிப் பாசன வயல்கள் பலவும் மனைக்கட்டுகளாகிவிட்டன. மிச்சமிருக்கிற அரை ஏக்கரில் பசுமைக்குடில் போட்டு ஸ்ட்ராபெரி வைத்தால் என்ன, மானியம் போக மீதிக்குக் கடன் வாங்கிக்கொள்ளலாமே என்று யோசிப்பவர்கள் உண்டு. கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால், இந்தக் குடிலும் இந்தப் பழமும் எங்கே, எதற்காகப் பிறந்தன என்று கொஞ்சம் பார்ப்போம்.

முதலில் குடில். சுமார் 2,000 வருஷங்களுக்கு முன்னால் ரோமாபுரியை ஆண்ட திபேரியஸ் சக்கரவர்த்திக்குத் தினமும் வெள்ளரிக்காய் வேண்டுமாம். பனிக்காலத்தில் வெள்ளரிக்கு எங்கே போவது? தோட்டக்காரர்கள் சக்கரம் வைத்த பாத்திகளில் கொடியை வளர்த்து, வெயில் வந்தால் வெளியே தள்ளினார்கள். குளிர் வந்தால் வெளிச்சம் புகும் கல் தகடு பதித்த மூடிக்குள் வைத்தார்கள். பிளினி என்ற ரோமானிய ஆசிரியர் இதை எழுதி வைத்திருக்கிறார்.

பின்னாளில் ஐரோப்பியச் சீமான்கள் கண்ணாடி வீடு கட்டினார்கள். 1948-ல் அமெரிக்காவில் கென்டக்கிப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த எம்மர்ட் என்ற பேராசிரியர், கண்ணாடி வாங்கப் பணம் போதாமல், மலிவான செலோபன் தாளைச் சட்டத்தின் மேல் போர்த்திக் குடில் அமைத்தார். அதற்குப் பிறகு பாலித்தீன் தாள் பரவியது. நாம் இன்று பார்க்கிற பாலித்தீன் குடில் அந்த வழியில் வந்ததுதான்.

இவை எல்லாவற்றுக்கும் வேலை ஒன்றே: வெயிலை உள்ளே விட்டு, வெப்பத்தை வெளியே விடாமல் பிடித்து வைப்பது. நம் நாட்டு லடாக்கில், தண்ணீர் உறைகிற குளிரில், கீரையும் காய்கறியும் இப்படித்தான் விளைகின்றன. அங்கே அது வரப்பிரசாதம்.

இனிப் பழம். 1714-ல் ஃப்ரேசியர் என்ற பிரெஞ்சுப் பொறியாளர் தென் அமெரிக்காவின் சிலி நாட்டிலிருந்து பெரிய காய் காய்க்கும் ஸ்ட்ராபெரிச் செடிகளைக் கப்பலில் கொண்டுவந்தார். ஊர் வந்து சேர்ந்தது ஐந்து செடிதான். அத்தனையும் பெண் செடி! பூத்ததே தவிர, காய்க்கவில்லை. பக்கத்தில் வட அமெரிக்க வர்ஜீனியா ஸ்ட்ராபெரியை நட்ட பிறகுதான் மகரந்தம் கிடைத்துக் காய் பிடித்தது. இந்த இரண்டும் கலந்து பிறந்ததே இன்றைய பெரிய பழம். 1766-ல் துஷேன் என்ற இளைஞர் இந்தக் கலப்பை விளக்கிச் சொன்னார். ஆக, இது குளிர்ந்த சீமையில் பிறந்து வளர்ந்த குழந்தை.

நம் நாட்டிலும் அது குளிர்ச்சியைத் தேடித்தான் போயிருக்கிறது. 2010-ல் புவிசார் குறியீடு பெற்ற மகாபலேஸ்வரம் ஸ்ட்ராபெரி, 1,300 மீட்டருக்கு மேல் உயரமுள்ள மலையில் பெரும்பாலும் திறந்த வயலிலேயே விளைகிறது. கொடைக்கானலிலும் ஊட்டியிலும்கூட மலைக் குளிர்தான் மூலதனம். வழக்கமான ரகங்கள் பூ எடுக்க, பகல் குறுகி இரவு நன்றாகக் குளிர வேண்டும். 30 டிகிரிக்கு மேல் வெப்பம் நீடித்தால் பூ குறையும், பழமும் சிறுக்கும்.

நம்ம பக்கம் எப்படி? 2003 மே 31-ல் சென்னையில் 45 டிகிரி அடித்தது. தை மாதத்து ராத்திரியிலேயே சராசரி 20 டிகிரி. இங்கே மூடிய பாலித்தீன் குடில் போட்டால் அது செடிக்கு அடுப்பு. மின்விசிறியும் ஈரத் திண்டும் வைத்துக் குளிரவைக்கலாமே என்பீர்கள். கடற்காற்றில் ஏற்கெனவே ஈரம் அதிகம். தண்ணீர் ஆவியானால்தானே குளிரும்? வறண்ட ஊரில் கிடைக்கிற பலன் இங்கே கிடைக்காது. மின்கட்டணம் மட்டும் தவறாமல் வரும். ஓசூரில் ரோஜாக் குடில்கள் ஜெயித்ததற்கு அந்த ஊரின் உயரமும் இரவுக் குளிர்ச்சியும் பெரிய துணை.

அப்படியென்றால் நமக்குக் குடிலே வேண்டாமா? வேண்டும். ஆனால் வெப்பத்தைப் பிடிக்கிற குடில் வேண்டாம், வெப்பத்தைத் தடுக்கிற குடில் வேண்டும். அதை நம் முன்னோர்கள் எப்போதோ கண்டுவிட்டார்கள். வெற்றிலைக் கொடிக்காலை நினைத்துப் பாருங்கள். முதலில் அகத்தியை விதைத்து, அது வளர்ந்த பிறகு அதன் நிழலில் கொடியை ஏற்றுகிறார்கள். வெயில் தணியும், ஈரம் தங்கும், காற்றும் ஓடும். ஆணி அடிக்காத பசுமைக்குடில் அது! இன்றைய நிழல்வலை அந்த அகத்தியின் வேலையைத்தான் செய்கிறது.

ஆகவே, நம் பகுதியில் கையிருப்புப் பணத்துக்குள் ஒரு சிறு நிழல்வலைக் குடில் போடுங்கள். மிளகாய், தக்காளி, கத்தரி நாற்று விடலாம். கோடையில் கீரையைக் காப்பாற்றலாம். நகரச் சந்தை பக்கத்திலேயே இருக்கிறது. ஸ்ட்ராபெரி ஆசை இருந்தால், ஐப்பசி கடைசியில் பத்துத் தொட்டியில் வைத்துப் பாருங்கள். பங்குனி வெயில் வரும்போது அதுவே கணக்குச் சொல்லிவிடும். அந்தக் கணக்கைப் பார்த்த பிறகு கடனைப் பற்றிப் பேசலாம்.