வாயால் உறிஞ்சிய காலம்



நாங்கள் படித்த காலத்தில் கெமிஸ்ட்ரி லேபில் பிப்பெட்டை வாயால்தான் உறிஞ்சுவோம். ஒருநாள் சோடியம் ஹைட்ராக்சைடு எடுக்கும்போது பக்கத்து நண்பனிடம் பேச்சுக் கொடுத்தேன். பீக்கரில் மட்டம் இறங்கி, பிப்பெட்டின் நுனி வெளியே வந்துவிட்டது. காற்று புகுந்ததும் கரைசல் விர்ரென்று வாய்க்குள் ஏறியது. நாக்கெல்லாம் சோப்புப் போல வழுவழுப்பு. "தம்பி, துப்பு, துப்பு! குழாயடிக்கு ஓடு!" என்று அட்டெண்டர் கத்தியது இன்னும் காதில் ஒலிக்கிறது. நீர்த்த கரைசல்; வாய்ப்புண்ணோடு போயிற்று.

எல்லோருக்கும் அப்படிப் போகவில்லை. 1893-லேயே ஒரு மருத்துவர் டைபாய்டு கிருமிக் கரைசலை இப்படி வாய்க்குள் உறிஞ்சிக்கொண்டதாகப் பதிவு இருக்கிறது. ஜெர்மனியின் மார்பர்க் நகரில் ஹைன்ரிஷ் ஷ்னிட்கர் என்பவர், வாயால் உறிஞ்சும் வேலையில் சலித்துப்போய், 1957-ல் பிஸ்டனும் ஸ்பிரிங்கும் வைத்த கைப் பிப்பெட்டை உருவாக்கினார். கண்ணாடிப் பிப்பெட்டுக்கோ ஒரு ரப்பர் பல்பே போதும்.

உயிருக்குப் பாதுகாப்பு ஒருபுறம். அளவு சரியாக இருப்பது ஏன் முக்கியம் என்பதை நான் மண் பரிசோதனை நிலையத்தில் வேலைக்குச் சேர்ந்த பிறகுதான் உணர்ந்தேன்.

1960-61-ல் 'பாக்கேஜ் திட்டம்' தொடங்கியபோது இந்தியாவிலேயே முதலில் தேர்ந்தெடுத்த ஏழு மாவட்டங்களில் நம் தஞ்சையும் ஒன்று. மண்ணைச் சோதித்து உரமிடுவது அதில் ஓர் அங்கம். தழைச்சத்தைக் கணிக்க 1956-ல் சுப்பையா, அசிஜா இருவரும் வெளியிட்ட முறை உண்டு. 20 கிராம் மண்ணைப் பெர்மாங்கனேட்டுடன் காய்ச்சி, வரும் அமோனியாவை, பிப்பெட்டால் அளந்து வைத்த 0.02 நார்மல் கந்தக அமிலத்தில் பிடிப்போம். அங்கே 1 மி.லி. அமிலம் என்பது ஹெக்டேருக்கு 31.36 கிலோ தழைச்சத்துக் கணக்கு! ஒரு சொட்டு பிசகினால் சுமார் ஒன்றரைக் கிலோ.

நானோ கடைசிச் சொட்டை ஒருமுறை ஊதுவேன், மறுமுறை விட்டுவிடுவேன். கோட்டையும் நின்றபடியே மேலிருந்து பார்ப்பேன். மேலதிகாரி ஒரே மண்ணை இரு பொட்டலமாகக் கொடுத்தார். விடைகளுக்குள் ஒன்பது கிலோ வித்தியாசம்! அவர் திட்டவில்லை. "இதுல எந்தச் சீட்டைய்யா அந்தக் குத்தகைக்காரர்கிட்ட குடுப்பே? அவர் கடன் வாங்கி யூரியா போடறவரு" என்றார். தலைகுனிந்து நின்றேன்.

ஆகவே தம்பி தங்கைகளே, எடுக்கப்போகும் கரைசலாலேயே பிப்பெட்டை முதலில் அலசுங்கள். பல்பால் உறிஞ்சுங்கள், நுனி கரைசலுக்குள்ளேயே இருக்கட்டும். கோட்டைக் கண்மட்டத்தில் வைத்துக் கீழ்வளைவைப் பாருங்கள். தானாக வடியவிட்டு, நுனியைக் குடுவைச் சுவரில் தொட்டு எடுங்கள். ஒற்றைக்கோட்டுப் பிப்பெட்டில் எஞ்சும் சொட்டை ஊதாதீர்கள். அதைக் கழித்துத்தான் கோடே போட்டிருக்கிறார்கள்.

இந்த ஆண்டு சந்திப்புக்கு வரும்போது லேபுக்கு ஒரு டஜன் ரப்பர் பல்பு வாங்கி வருகிறேன். குழாயடிக்கு ஓடியவனின் காணிக்கையாக அது இருக்கட்டும்.