ஆசீவகத்தின் ஆறு நிறங்கள்

ஆசீவகர் தாமே இயற்றிய நூல் எதுவும் இன்று முழுமையாகக் கிடைத்திலது. தமிழில் அவர்தம் கொள்கையை விரித்துரைப்பவை பிற சமய நூல்களே. பௌத்த நூலாகிய மணிமேகலையின் 27ஆம் காதையில், வஞ்சி நகரத்துச் சமயவாதியருள் ஒருவனாக ஆசீவகன் பேசுகிறான். சமண நூலாகிய நீலகேசியில், பேயாயிருந்து திருந்திய தலைவி பூரணன் என்னும் ஆசீவக ஆசிரியனை வாதில் வெல்கிறாள். பேசுவோர் கற்பனை மாந்தர் எனின், பேசப்படும் தத்துவமும் கற்பனையோ என்னும் ஐயம் எழும்.

இவ்விடத்து நிறப் பெயர்கள் துணை செய்கின்றன. உயிர்கள் எய்தும் பிறப்புகளை மணிமேகலை கருமை, கருநீலம், பசுமை, செம்மை, பொன்மை, வெண்மை என ஆறாக அடுக்குகிறது. வெண்பிறப்பின் பின்னரே வீடு. பாலி அங்குத்தர நிகாயம் பூரண கஸ்ஸபர் பெயரால் தரும் வரிசையோ கருமை, நீலம், செம்மை, மஞ்சள், வெண்மை, மிகுவெண்மை என்பது. எண் ஒன்றே, உறுப்புகள் வேறு. பாலியில் ‘நீலம்’ பசுமையையும் தழுவும் சொல். தமிழ் அதனை இரண்டாகப் பிரித்து, வெண்மையை ஒன்றாக்கியது போலும். ஏட்டைப் பார்த்துப் பெயர்த்தவர் வரிசையை இவ்வாறு குலைத்திரார். தென்னாட்டில் வழங்கிய மரபினைக் கேட்டே புலவர் எழுதினார் எனக் கொள்வது பொருந்தும்.

1951இல் ஆசீவக வரலாறு எழுதிய ஏ. எல். பாஷம், தமிழ்க் காப்பியங்களோடு கோலார்ப் பகுதிக் கல்வெட்டுகளையும் சான்றாக்கி, அவற்றில் வரும் வரியொன்றை ஆசீவகர் மீதானது எனக் கொண்டார். ஆயினும் பாலி வரிசையை மூலமெனக் கருதி, மணிமேகலையின் ‘பசும்பிறப்பை’ மொழிபெயர்ப்பில் திருத்துவோர் அச்சான்றையே அழிக்கின்றனர்.