தவமணி தேவியின் இரண்டாம் வேடம்

துணை நடிகையைப் பிரெஞ்சில் 'ஸெகோன் ரோல்' என்பார்கள். இரண்டாம் வேடம் என்று பொருள். பள்ளியில் படித்த அந்தச் சொல் எனக்கு இலங்கையிலிருந்து வந்த கே. தவமணி தேவியைத்தான் நினைவூட்டும்.

1937-இல் 'சதி அகல்யா'வில் நடித்தார். 1941-இல் 'வனமோகினி'யில் காட்டுப் பெண்ணாகக் கதாநாயகி. உலகப் போர் முடிந்து, 1947-இல் ஜூபிடரின் 'ராஜகுமாரி' வந்தது. எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகன் ஆன படம். கதாநாயகி கே. மாலதி. அதற்கு ஆறு ஆண்டு முன்பே நாயகியாக நடித்திருந்த தவமணிக்கு, நாயகனை மயக்கும் இரண்டாம் வேடம்.

சீக்கிரமே திரையை விட்டார். திருமணமாகி ராமேஸ்வரத்தில் வாழ்ந்து, 2001-இல் காலமானார்.

நம் திருவண்ணாமலையில் எம்.ஜி.ஆரை அறியாத வீடில்லை. தவமணி என்றால் என் வயதுக்காரர்களே யோசிக்கிறார்கள். 'ராஜகுமாரி' பார்க்க வாய்த்தால், அந்த இரண்டாம் வேடத்தையும் கவனியுங்கள்.